ஏழு நாளில் வந்த உத்தரவு, பதினேழு ஆண்டு நடந்த வழக்கு: ஹப்சிகுடா நிலமும் 1905ஆம் ஆண்டுச் சட்டமும்

1964 டிசம்பர் 8ஆம் தேதி ஹைதராபாத் தாசில்தார் ஒரு நவாபுக்கு நோட்டீஸ் அனுப்பினார். நீங்கள் இருக்கும் நிலம் அரசாங்கத்துடையது, காலி செய்யுங்கள் என்பது அதன் சாரம். டிசம்பர் 15ஆம் தேதி வெளியேற்ற உத்தரவும் போட்டுவிட்டார். இடையில் ஏழே நாள். அந்த ஏழு நாள் வேலை செல்லுமா செல்லாதா என்று உச்ச நீதிமன்றம் சொல்லி முடித்தது 1982இல்.

ஆந்திரப் பிரதேச அரசு எதிர் தும்மலா கிருஷ்ண ராவ் என்ற அந்த வழக்கை, ஆக்கிரமிப்பு நோட்டீஸ் வழக்குகள் நடத்தும் வக்கீல்கள் பலரும் இன்றைக்கும் எடுத்துக் காட்டுகிறார்கள். தெலுங்கு மண்ணில் நடந்த வழக்குதான். ஆனால் அதில் பயன்பட்ட சட்டம் நம்முடையது. சென்னை மாகாணம் 1905இல் இயற்றிய மூன்றாம் எண் சட்டம், நில ஆக்கிரமிப்புச் சட்டம். மாநிலங்கள் பிரிந்தபோது ஆந்திரம் அதைத் தன்னோடு எடுத்துக்கொண்டு போனது, பிறகு தெலங்கானாப் பகுதிக்கும் நீட்டியது. தமிழ்நாட்டில் இன்றும் தாசில்தார் அலுவலகத்திலிருந்து ஏழாம் பிரிவு நோட்டீஸ், ஆறாம் பிரிவு உத்தரவு என்று வருவதெல்லாம் அதே சட்டத்தின் கீழ்தான். அதனால் இந்த வழக்கை ஆதியிலிருந்து பார்ப்பது நமக்கும் பிரயோசனம்.

நிலம்

ஹைதராபாத் கிழக்கு வட்டத்தில் ஹப்சிகுடா. இன்று மெட்ரோ ரயில் நின்று போகும் பரபரப்பான இடம். உஸ்மானியா பல்கலைக்கழக வளாகத்துக்குப் பக்கத்திலேயே இருக்கிறது. வழக்கில் சிக்கியது மூன்று மனைத்தொகுதிகள். 94ஆம் எண் 10 ஏக்கர் 2 குண்டா. 104ஆம் எண் 9 ஏக்கர் 33 குண்டா. 111ஆம் எண் 26 ஏக்கர் 14 குண்டா. நாற்பது குண்டா ஒரு ஏக்கர் என்று கூட்டினால் மொத்தம் 46 ஏக்கர் 9 குண்டா வரும். இதில் பாதிக்கு மேல் 111ஆம் எண்ணில் மட்டும் இருக்கிறது. இதை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள், பின்னால் தேவைப்படும்.

மூன்றும் ஆதியில் ஒரு நவாபு குடும்பத்தின் சொத்து. இதில் யாருக்கும் சந்தேகம் இருந்ததில்லை, அரசாங்கமே ஒப்புக்கொண்ட விஷயம். தகப்பன் காலத்துக்குப் பிறகு வாரிசான நவாபுக்கு வந்தது.

உஸ்மானியா பல்கலைக்கழகம் 1918இல் தொடங்கியது. வளாகம் விரிந்துகொண்டிருந்த காலத்தில், 1932க்கும் 1937க்கும் இடையில், நிஜாம் அரசு அதற்காகச் சில நிலங்களைக் கையகப்படுத்தியது. பயன்பட்டது ஹைதராபாத் சமஸ்தானத்தின் பசலி 1309ஆம் ஆண்டு நில எடுப்புச் சட்டம். பசலி என்பது வருவாய்த் துறைக் கணக்கு ஆண்டு. நம் ஊர் அடங்கலில் அதைப் பார்த்திருப்பவர்களுக்குக் கணக்கு சுலபம். 590ஐக் கூட்டினால் 1899 வரும். பிரிட்டிஷ் இந்தியாவின் 1894ஆம் ஆண்டுச் சட்டத்துக்கும் இதற்கும் பெரிய வித்தியாசம் இல்லை. பல்கலைக்கழகம் அப்போது நிஜாம் அரசின் ஓர் இலாகா மாதிரிதான் நடந்தது. 1947இல் வந்த திருத்திய சாசனத்தால்தான் அது சட்டப்படி தனி அமைப்பு ஆனது.

அந்தக் கையகப்படுத்தலில் இந்த மூன்று மனைகளும் அடங்குமா? பல்கலைக்கழகம் அடங்கும் என்றது. நவாபு அடங்காது என்றார். தகராறு மொத்தமும் இந்த ஒரு கேள்விதான்.

முதல் சுற்று: சிவில் கோர்ட்

பல்கலைக்கழகம் முதலில் செய்தது சரியான காரியம். 1956 பிப்ரவரியில் ஹைதராபாத் நகர உரிமையியல் நீதிமன்றத்தில் வழக்குப் போட்டது. இந்த நிலங்கள் எங்களுக்காக எடுக்கப்பட்டவை, நவாபை வெளியேற்றுங்கள் என்று கேட்டது.

1959இல் வழக்கு தள்ளுபடியானது. காரணம் இரண்டு. 111ஆம் எண் கையகப்படுத்தப்படவே இல்லை என்று கோர்ட் கண்டது. 94, 104 இரண்டும் கையகப்படுத்தப்பட்டவைதான், ஆனால் வழக்குப் போடுவதற்கு முந்தைய பன்னிரண்டு ஆண்டுக்குள் அவை தன் அனுபோகத்தில் இருந்ததாகப் பல்கலைக்கழகத்தால் நிரூபிக்க முடியவில்லை. அதாவது ஒரு மனையில் உரிமையே பிறக்கவில்லை, மற்ற இரண்டில் காலம் கடந்துவிட்டது. மேல்முறையீடு போனது. 1964 ஜனவரி 24இல் உயர் நீதிமன்றமும் அதையே உறுதி செய்தது.

ஒரு விஷயத்தை இங்கே குறித்துக்கொள்ள வேண்டும். இந்த வழக்கில் மாநில அரசு கட்சிக்காரர் இல்லை. பல்கலைக்கழகமும் நவாபும் மட்டும்தான். இந்த விடுபடல்தான் அடுத்து நடந்ததற்கு வாசல் திறந்து வைத்தது.

ஒரு கடிதம்

தோற்றவர்களுக்கு உச்ச நீதிமன்றம் என்ற வழி ஒன்று இருக்கிறது. பல்கலைக்கழகம் வேறு வழி பிடித்தது. உயர் நீதிமன்றத்தில் தோற்று மூன்றரை மாதம் கழித்து, 1964 மே 8ஆம் தேதி, மாநில அரசுக்கு ஒரு கடிதம் எழுதியது. இந்த மூன்று மனைகளிலும் அனுமதியில்லாமல் இருப்பவர்களைச் சுருக்கமுறையில், அதாவது கோர்ட் விசாரணை இல்லாமல் அதிகாரி உத்தரவாலேயே, வெளியேற்ற நடவடிக்கை எடுங்கள் என்று கேட்டது.

இந்த வழக்கில் எத்தனையோ நுணுக்கம் இருக்கிறது. எனக்கு எல்லாவற்றையும் விடப் பெரிதாகப் படுவது இந்தக் கடிதம். எட்டு ஆண்டு வழக்காடி, சாட்சி விசாரித்து, ஆவணம் பார்த்து, இரண்டு நீதிமன்றங்கள் சொன்ன முடிவை ஒரு கடிதம் சுற்றிப்போகப் பார்த்தது. அதுவும் மூன்று மனைக்கும். கையகப்படுத்தவே இல்லை என்று இரண்டு கோர்ட்டும் சொன்ன 111ஆம் எண்ணும், அந்த 26 ஏக்கர் 14 குண்டாவும், இதில் சேர்ந்தே போனது.

டிசம்பரில் தாசில்தார் நோட்டீஸ். ஒரு வாரத்தில் உத்தரவு.

பிறகு மேல்முறையீட்டுப் படிகள். கலெக்டரிடம் போனார் நவாபு, 1965இல் தள்ளுபடி. ரெவின்யூ போர்டுக்குப் போனார், 1968இல் தள்ளுபடி. போர்டில் நிலுவையில் இருந்தபோதே அவர் மனைகளைக் கிரயம் கொடுத்துவிட்டார், பிறகு இறந்தும் போனார். விலை கொடுத்து வாங்கியவர்கள் அவர் இடத்தில் கட்சிக்காரர்களாகச் சேர்ந்தார்கள். அவர்கள் அரசாங்கத்திடமே மேல்முறையீடு போட்டார்கள். 1973 நவம்பர் 26இல் அதுவும் தள்ளுபடி.

தாசில்தார், கலெக்டர், போர்டு, அரசு. நான்கு படியிலும் உட்கார்ந்திருந்தது ஒரே தரப்பு. ஒவ்வொரு அதிகாரியும் நேர்மையானவராகவே இருந்திருக்கலாம், அவர்களைக் குறை சொல்ல எனக்கு எந்த ஆதாரமும் இல்லை. ஆனால் நிலம் அரசாங்கத்துடையதா என்ற கேள்வியை அரசாங்கமே கேட்டு, அரசாங்கமே பதில் சொல்லி, அந்தப் பதில் சரிதானா என்று அரசாங்கமே மறுபடி பார்த்தது. ஒன்பது ஆண்டு அதில் போனது. எதிரில் நின்றவருக்கு வெளி ஆள் ஒருவர் முன்னால் தன் பத்திரத்தை வைத்துப் பேச அந்த ஒன்பது ஆண்டில் ஒரு நாள்கூடக் கிடைக்கவில்லை.

ரிட் மனு

அடுத்த மாதமே, 1973 டிசம்பரில், வாங்கியவர்கள் ஆந்திர உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு போட்டார்கள். 1905ஆம் ஆண்டுச் சட்டத்தின் கீழ் எங்களைச் சுருக்கமுறையில் வெளியேற்றிய உத்தரவு செல்லாது என்பது மனு.

இங்கே கொஞ்சம் நிதானமாகச் சொல்ல வேண்டியிருக்கிறது, ஏனென்றால் நம்மில் பலரும் தடுக்கி விழுவது இந்த இடத்தில்தான். ரிட் கோர்ட் நிலம் யாருடையது என்று தீர்ப்பதில்லை. சாட்சியைக் கூண்டில் ஏற்றி விசாரிப்பதும் இல்லை, எல்லைக்கல்லைத் தேடி ஆள் அனுப்புவதும் வழக்கமில்லை. அரசியலமைப்பின் 226ஆவது பிரிவின் கீழ் உயர் நீதிமன்றம் முக்கியமாகப் பார்ப்பது, இந்த அதிகாரிக்கு இந்த உத்தரவைப் போட அதிகாரம் இருந்ததா, முறைப்படி போட்டாரா என்பதைத்தான். ‘நிலம் என்னுடையது என்று சொல்லுங்கள்’ என்று ரிட் கேட்டுப் போகிறவர்களை, சிவில் கோர்ட்டுக்குப் போங்கள் என்று ஒரு வரியில் அனுப்பிவிடுவார்கள். அந்த ஒரு வரிக்காக மூன்று நான்கு ஆண்டு காத்திருந்த குடும்பங்கள் உண்டு. ஹப்சிகுடா மனுவின் பலம், கேள்வியைச் சரியாகக் கேட்டதில் இருந்தது. நிலம் யாருடையது என்பது இருக்கட்டும், அதைத் தீர்ப்பவர் தாசில்தாராக இருக்கலாமா?

தனி நீதிபதி மனுவைத் தள்ளினார். மேல்முறையீட்டில் இரு நீதிபதிகள் அமர்வு அதை மாற்றி, வாங்கியவர்கள் பக்கம் தீர்ப்பளித்தது. உரிமைத் தகராறு இருக்கும் இடத்தில் இந்தச் சுருக்கமுறை பொருந்தாது என்றது. அதோடு, ஆக்கிரமிப்பு மிகச் சமீபத்தியதாக இருந்தால்தான் இந்த வழியில் வெளியேற்றலாம் என்ற கருத்தையும் சேர்த்துச் சொன்னது. மாநில அரசு உச்ச நீதிமன்றம் போனது.

சட்டம் என்ன சொல்கிறது

1905ஆம் ஆண்டுச் சட்டம் சின்னச் சட்டம்தான். இரண்டாம் பிரிவு, பொதுச் சாலை, தெரு, பாலம், கடல், ஆறு, ஓடை, ஏரி, குளம் இவற்றின் படுகை எல்லாம் அரசாங்கச் சொத்து என்று அறிவிக்கிறது. தனியார் உரிமை நிலைநாட்டப்பட்டவை அதற்கு விலக்கு. மூன்றாம் பிரிவு, அரசாங்கச் சொத்தான நிலத்தில் அனுமதியின்றி இருப்பவர் தீர்வை கட்ட வேண்டும் என்கிறது. தமிழ்நாட்டில் வி.ஏ.ஓ. கையில் வரும் பி மெமோவுக்கு, அதாவது ஆக்கிரமிப்பைக் குறித்துப் பணம் கட்டச் சொல்லும் சீட்டுக்கு, வேர் இதுதான். ஐந்தாம் பிரிவு அபராதம். ஆறாம் பிரிவு, மூன்றாம் பிரிவின்படி தீர்வை கட்டக் கடமைப்பட்டவரைக் கலெக்டரோ தாசில்தாரோ துணைத் தாசில்தாரோ சுருக்கமாக வெளியேற்றலாம் என்கிறது. ஏழாம் பிரிவு, அதற்கு முன்னால் விளக்கம் கேட்டு நோட்டீஸ் கொடுக்கச் சொல்கிறது.

பிரிவுகளைச் சங்கிலியாகக் கோத்துப் பார்த்தால்தான் உச்ச நீதிமன்றம் சொன்னது விளங்கும். ஆறாம் பிரிவு அதிகாரம் யார் மேல் பாயும்? மூன்றாம் பிரிவின்படி தீர்வை கட்ட வேண்டியவர் மேல். மூன்றாம் பிரிவு யாருக்கு? ‘அரசாங்கச் சொத்தான’ நிலத்தில் இருப்பவருக்கு. அப்படியானால் நிலம் அரசாங்கத்துடையது என்பது முதலில் நிலைபெற்றிருக்க வேண்டும். அது நிலைபெறாமல் ஆறாம் பிரிவுக்குப் போவது, அஸ்திவாரம் போடாமல் மாடி கட்டுகிற வேலை.

தலைமை நீதிபதி ஒய்.வி. சந்திரசூட் எழுதிய தீர்ப்பு நீளமானது அல்ல. அதன் போக்கை என் வார்த்தையில் சொல்கிறேன். சாலையிலோ கடற்கரையிலோ ஒருவர் கொட்டகை போட்டால் அங்கே உரிமைப் பேச்சுக்கே இடமில்லை. அது பொதுச் சொத்து என்று சட்டமே சொல்லிவிட்டது, சீக்கிரம் வெளியேற்றுவதுதான் பொதுநலம். ஆனால் அரசாங்கத்தின் உரிமை பற்றியே நேர்மையான தகராறு இருக்கும்போது, இது என்னுடையது என்று அரசாங்கம் தனக்குத் தானே தீர்ப்புச் சொல்லிக்கொண்டு, அந்தத் தீர்ப்பை வைத்தே எதிராளியை வெளியே தள்ள முடியாது. இந்த மூன்று மனைகளும் கையகப்படுத்தப்பட்டனவா, பல்கலைக்கழகத்தின் உரிமை காலவரையறையால் போய்விட்டதா என்பதெல்லாம் உண்மையான தகராறுகள். வழக்கில் தோற்ற பல்கலைக்கழகம் அரசாங்கத்தை முடுக்கிவிட்டு இந்த வழியில் வெளியேற்றப் பார்த்ததை அனுமதிக்க முடியாது. சிக்கலான உரிமைக் கேள்விகளைத் தீர்க்க ஆறாம் பிரிவு ஏற்ற வழி அல்ல.

அந்தக் கடிதம் தீர்ப்பில் தப்பவில்லை என்பதைக் கவனியுங்கள். முதல் தடவை படித்தபோது எனக்கு மனது நிறைந்தது அந்த இடத்தில்தான்.

அமர்வு சொன்னதில் ஒரு திருத்தம்

உச்ச நீதிமன்றம் இரு நீதிபதிகள் அமர்வின் முடிவை ஏற்றது. ஆனால் அதன் காரணம் ஒன்றை அப்படியே ஏற்கவில்லை. ஆக்கிரமிப்பு புதிதா பழையதா என்பது மட்டுமே விடை ஆகாது என்றது. எந்த மாதிரிச் சொத்து அது, அதில் இருப்பவரின் கோரிக்கை நேர்மையானதா, இவைதான் முக்கியம். அப்படியானால் நாற்பது ஆண்டு அனுபோகத்துக்கு மதிப்பே இல்லையா என்றால், உண்டு. நெடுங்காலம், ஒளிவு மறைவில்லாமல், நாலு பேர் அறிய ஒருவர் நிலத்தில் இருந்தால், அவருக்கு நேர்மையான கோரிக்கை இருக்கிறது என்று முதற்பார்வைக்கு எடுத்துக்கொள்ளலாம். அந்தக் கோரிக்கையைப் பக்கச்சார்பில்லாத ஒருவர் முறைப்படி விசாரிக்க வேண்டும்.

இந்தத் திருத்தம் பலர் கண்ணில் படுவதில்லை. ‘முப்பது வருஷமா இருக்கோம் சார்’ என்பதையே முழு வாதமாக நம்பி வருகிறவர்கள் ஏராளம். முப்பது ஆண்டு இருந்தது உதவும், ஆனால் எங்கே இருந்தீர்கள் என்பதுதான் முதல் கேள்வி. நீர் ஓடுகிற ஓடையில் முப்பது ஆண்டு இருந்தாலும் ஓடை ஓடைதான்.

ஹப்சிகுடா நிலத்துக்கு இந்த இரண்டு சோதனையும் பொருந்தின. நிலம் ஆதியில் நவாபு குடும்பத்துடையது என்பதில் தகராறே இல்லை. அனுபோகமும் நீண்டது, வெளிப்படையானது. வாங்கியவர்கள் அந்தக் குடும்பத்திடமிருந்துதான் வாங்கினார்கள். எனவே, கையகப்படுத்தலால் உரிமை அரசுக்குப் போனதா, போயிருந்தால் பின்னால் நவாபு எதிரிடை அனுபோகத்தால், அதாவது உரிமையாளருக்கு எதிராக நெடுங்காலம் வெளிப்படையாக அனுபவித்து, அதைத் திரும்பப் பெற்றாரா என்ற இரண்டும் முறையான சிவில் வழக்கில் தீர வேண்டியவை. அந்த வழக்கில் அரசு ஜெயிக்கவும் செய்யலாம், அதுவரை சுருக்கமுறையில் வெளியேற்ற முடியாது என்று சொல்லி, அரசின் மேல்முறையீட்டைத் தள்ளியது உச்ச நீதிமன்றம்.

அரசு ஜெயிக்கவும் செய்யலாம் என்ற அந்தப் பேச்சு வெறும் உபசாரம் இல்லை. தனியாருக்குப் பன்னிரண்டு ஆண்டு என்ற காலவரையறை அரசாங்கத்துக்குக் கிடையாது. 1908ஆம் ஆண்டுக் காலவரையறைச் சட்டம் அரசுக்கு அறுபது ஆண்டு கொடுத்தது, 1963ஆம் ஆண்டுச் சட்டம் முப்பது ஆண்டு கொடுக்கிறது. பல்கலைக்கழகம் தோற்ற காரணத்தாலேயே அரசும் தோற்றுவிடும் என்று யாரும் எழுதிக் கொடுக்க முடியாது. 1964இலேயே அரசு ஒரு சிவில் வழக்குப் போட்டிருக்கலாம். கடிதத்தை வாங்கிக்கொண்டு தாசில்தாரை அனுப்பியதற்குப் பதிலாக அதைச் செய்திருந்தால், நிலம் யாருக்கு என்ற கேள்விக்கு 1982க்கு வெகு முன்பே விடை வந்திருக்கும். அரசாங்கத்தின் நலனை மட்டும் வைத்துப் பார்த்தாலும் குறுக்கு வழிதான் நீண்ட வழியாகப் போனது.

இந்தத் தீர்ப்பு யாரைக் காப்பாற்றாது

ஹப்சிகுடா தீர்ப்பைக் கையில் வைத்துக்கொண்டு ஏரிக்குள் வீடு கட்டியவரும் வருகிறார். அவருக்கு இது உதவாது. அதைப் புரிந்துகொள்ளப் பஞ்சாபில் நடந்த இன்னொரு வழக்கைப் பக்கத்தில் வைத்துப் பார்க்கலாம்.

பாட்டியாலா மாவட்டத்தில் ரோஹர் ஜாகிர் என்ற கிராமம். ஊர்க் குளத்தைத் தூர்த்துச் சிலர் வீடு கட்டினார்கள். வருவாய்ப் பதிவேட்டில் அது குளம் என்றே இருக்கிறது. பஞ்சாயத்து அவர்களை வெளியேற்றக் கேட்டுப் போனபோது, கலெக்டர் நிலம் பஞ்சாயத்துடையதுதான் என்று ஒப்புக்கொண்டார், ஆனால் வீடு கட்டிவிட்டார்கள், அரசு நிர்ணயித்த விலையை வாங்கிக்கொண்டு அவர்களுக்கே கொடுத்துவிடுங்கள் என்று சொல்லிவிட்டார். ஊர்க்காரர்கள் சிலர் விடவில்லை, மேல்முறையீடு போனார்கள். 2007இல் கமிஷனர், பஞ்சாயத்தே ஆக்கிரமிப்பாளர்களோடு கூடிக்கொண்டது என்று சொல்லிக் கலெக்டர் உத்தரவை ரத்து செய்தார். ஆக்கிரமித்தவர்கள் உயர் நீதிமன்றத்தில் இரண்டு தடவை தோற்றார்கள். 2011 ஜனவரி 28இல் நீதிபதிகள் மார்க்கண்டேய கட்ஜுவும் ஞான் சுதா மிஸ்ராவும் அடங்கிய உச்ச நீதிமன்ற அமர்வும் அவர்களைத் திருப்பி அனுப்பியது. ஜக்பால் சிங் வழக்கு என்று அதைச் சொல்வார்கள். கிராமப் பொது நிலத்தில் உள்ள ஆக்கிரமிப்புகளை அகற்றத் திட்டம் வகுக்கும்படி எல்லா மாநிலங்களுக்கும் அதில் உத்தரவு போனது. எவ்வளவு காலம் இருந்தார்கள், எவ்வளவு செலவு செய்து கட்டினார்கள் என்பதெல்லாம் காரணம் ஆகாது என்றும் சொன்னது. நிலமற்ற கூலித் தொழிலாளர்களுக்கோ பட்டியல் சாதி, பழங்குடியினருக்கோ அரசு அறிவிப்பின்படி கொடுத்தது, ஏற்கெனவே பள்ளிக்கூடமோ மருந்தகமோ இருப்பது போன்ற அபூர்வமான சந்தர்ப்பங்களுக்கு மட்டும் விலக்கு.

அந்தத் தீர்ப்பில் தமிழ்நாட்டுக்கும் ஒரு பங்கு உண்டு. ஓடைப் புறம்போக்கு ஆக்கிரமிப்பு பற்றிச் சென்னை உயர் நீதிமன்றம் 2005இல் எல். கிருஷ்ணன் வழக்கில் சொன்னதை உச்ச நீதிமன்றம் அதில் எடுத்துக் காட்டியிருக்கிறது. அந்த 2005ஆம் ஆண்டுத் தீர்ப்புக்குப் பிறகு ஏரிகளுக்கென்றே தமிழ்நாடு 2007இல் தனிச் சட்டமும் கொண்டுவந்தது.

இரண்டு தீர்ப்புகளும் ஒன்றுக்கொன்று எதிர் என்று சிலர் நினைக்கிறார்கள். எனக்கு அப்படித் தோன்றவில்லை. சாலையும் நீர்நிலையும் வேறு, உரிமையே தகராறில் இருக்கும் நிலம் வேறு என்று 1982லேயே கோடு போட்டாகிவிட்டது. ரோஹர் ஜாகிர் குளம் கோட்டுக்கு அந்தப் பக்கம். ஹப்சிகுடா மனைகள் இந்தப் பக்கம். கலெக்டர் ஒருவர் ஊர்க் குளத்தை விலை பேசிக் கொடுத்ததும், தாசில்தார் ஒருவர் தகராறு நிலத்தை ஏழு நாளில் அரசுடையது என்று தீர்த்ததும் எனக்கு ஒரே தப்பாகத்தான் தெரிகிறது. தன்னிடம் இல்லாத அதிகாரத்தை இரண்டு பேரும் எடுத்துக்கொண்டார்கள்.

ஹப்சிகுடா தீர்ப்பு பின்னாலும் நன்றாக வேலை செய்திருக்கிறது. ராஜஸ்தான் நில வருவாய்ச் சட்டத்தின் 91ஆம் பிரிவு நம் ஆறாம் பிரிவு மாதிரியானது. 1995இல் பத்மாவதி தேவி வழக்கில் உச்ச நீதிமன்றம் இதே அளவுகோலை அங்கேயும் வைத்தது. 2019இல் புணே ராணுவக் குடியிருப்புப் பகுதியில் உள்ள ஒரு பங்களா பற்றிய வழக்கிலும், சட்டம் வேறாக இருந்தபோதும், இதையே பின்பற்றியது.

தமிழ்நாட்டில் நோட்டீஸ் வந்தால்

பட்டா விஷயத்தில் இதே எண்ணம் நம் ஊர் விதியிலேயே இருக்கிறது. பட்டா பாஸ்புக் சட்டம் 1983ஆம் ஆண்டுடையது, விதிகள் 1987ஆம் ஆண்டுடையவை. உரிமை பற்றிக் கோர்ட்டில் வழக்கு நிலுவையில் இருந்தாலோ, வாரிசுரிமைச் சட்டத்தைத் தொடும் சிக்கல் வந்து இரு தரப்பும் ஒத்துப்போகவில்லை என்றாலோ, தாசில்தார் தானே தீர்க்காமல் சிவில் கோர்ட்டில் முடிவு வாங்கி வரச் சொல்ல வேண்டும். இந்த விதியை மீறிப் போட்ட உத்தரவை எதிர்த்துப் போகும் ரிட் மனுவுக்கு நல்ல பலம் உண்டு. வெறுமனே ‘எனக்குப் பட்டா தரச் சொல்லுங்கள்’ என்று போகும் மனுவுக்கு அந்தப் பலம் இல்லை.

இன்னொரு தடை, மேல்முறையீட்டு வழி இருக்கும்போது ஏன் நேராக இங்கே வந்தீர்கள் என்ற கேள்வி. உயர் நீதிமன்றம் இதைக் கட்டாயம் கேட்கும். ஹப்சிகுடாக்காரர்கள் எல்லாப் படியும் ஏறி முடித்துவிட்டு வந்ததால் அவர்களிடம் அதைக் கேட்க முடியவில்லை. எல்லாரும் ஒன்பது ஆண்டு காத்திருக்க வேண்டும் என்பதில்லை. நோட்டீஸே கொடுக்காமல் உத்தரவு போட்டது, விளக்கத்தைக் கேட்காமல் முடிவு செய்தது, அதிகாரமே இல்லாமல் செய்தது என்றால் மாற்று வழி இருந்தாலும் ரிட் போடலாம். 1998இல் வேர்ல்பூல் வழக்கில் உச்ச நீதிமன்றம் இதைத் தெளிவாகச் சொல்லியிருக்கிறது.

எல்லாவற்றுக்கும் முன்னால் ஏழாம் பிரிவு நோட்டீஸுக்கு எழுத்தில் பதில் போக வேண்டும். ‘வக்கீலைப் பார்த்துவிட்டு அப்புறம் பார்க்கலாம்’ என்று கெடு தாண்டிய பிறகு வருகிறவர்களைத்தான் நான் அதிகம் பார்க்கிறேன். நேரில் போய்ச் சொல்லிவிட்டு வந்தேன் என்பார்கள், அது எந்தக் கோப்பிலும் இருக்காது. பதிலில், இந்த நிலம் எந்த வழியில் எனக்கு வந்தது, தாய்ப்பத்திரம் எது, எத்தனை ஆண்டாக அனுபோகம், அரசாங்கத்தின் உரிமையை நான் ஏன் மறுக்கிறேன் என்று தெளிவாக எழுத வேண்டும். கிரயப் பத்திரம், வில்லங்கச் சான்று, பழைய பட்டா, அடங்கல், நில வரி ரசீது, மின் இணைப்பு ஆவணம், எது இருக்கிறதோ அதன் நகலை இணைக்க வேண்டும். பி மெமோவுக்குப் பணம் கட்டியிருந்தால் அதையும் மறைக்காமல் வக்கீலிடம் முதலிலேயே சொல்லிவிட வேண்டும். நிலம் அரசாங்கத்துடையது என்று நீங்களே ஒத்துக்கொண்டதாக எதிர்த்தரப்பு அதைத்தான் எடுத்துக் காட்டும்.

உரிமைத் தகராறு இருக்கிறது என்று ரிட் மனுவில் முதல் தடவையாகச் சொல்வதற்கும், தாசில்தாரிடமே சொன்னேன், அவர் அதைத் தொடாமல் உத்தரவு போட்டார் என்று சொல்வதற்கும் நிறைய வித்தியாசம் இருக்கிறது. பதிலை நேரில் கொடுத்தால் நகலில் தேதியோடு முத்திரை வாங்குங்கள். வாங்க மறுத்தால் அன்றைக்கே பதிவு வசதியோடு ஸ்பீட் போஸ்ட்டில் அனுப்புங்கள், அது போய்ச் சேர்ந்ததற்கான சான்று வந்ததும் தாய்ப்பத்திரம் இருக்கும் உறையிலேயே போட்டு வையுங்கள்.